துவக்கும் தோட்டாவும்: பொருத்தம் அறிதல்

பூட்டிற்குத் திறவுகோல் பொருந்தாவிடின் கதவு திறவாது, அவ்வளவே. சட்டிக்கு மூடி பொருந்தாவிடின் ஆவி வெளியேறும், சோறு சற்றுப் பிந்தி வேகும், அவ்வளவே. நாள்தோறும் நாம் கையாளும் பொருள்களுட் பெரும்பாலானவற்றில் பொருத்தமின்மையால் விளையும் கேடு இத்தகைய சிறு கேடேயாம். ஆயின், துவக்கிற்குத் தோட்டா பொருந்தாதவிடத்து விளையும் கேடு அத்தன்மைத்தன்று. அங்கே திறவுகோல் நுழைந்தும் விடும். பூட்டுத் திரும்பியும் விடும். திருப்பியவனுடைய கண்ணும் கையும் சிலவேளை உயிருமே அதற்கு விலையாகும். ஆதலின், இப்பொருத்தம் எதில் அமைந்துள்ளது, அதனை எவ்வாறு அறிவது என்பனவற்றை இக்கட்டுரையில் ஒருசிறிது ஆராய்வோம்.

நாம் மாணவராயிருந்த காலத்தில், கடேற் பயிற்சியின் முதல் நாளன்று, எமக்குக் கற்பித்த முதிய சார்ஜன்ற் ஒருவர் றைபிளை எவர் கையிலும் கொடுத்தாரல்லர். நிலத்திலே பாயொன்றை விரித்து, அதன்மேல் வெவ்வேறு வகையான ஐந்து தோட்டாக்களை வரிசையாக நிறுத்தி, பக்கத்திலே றைபிளை வைத்து, “இந்தத் துவக்குக்கு உரியது எது?” என்று வினவினார். எம்முள் மூவர் மூன்று தோட்டாக்களைச் சுட்டிக் காட்டினர். ஒருவர், நீளத்தைப் பார்த்தே சொல்லிவிடலாம் என்றும் துணிந்து கூறினார். சார்ஜன்ற் சிரித்துவிட்டு, துவக்கின் குழலிற் பொறித்திருந்த எழுத்தையும் தோட்டாவின் அடியிற் பொறித்திருந்த எழுத்தையும் காட்டி, “கண்ணாலே அளக்க வேண்டாம், தம்பிமார், எழுத்தை வாசியுங்கோ” என்றார். எழுத்தறிவித்தவர்களை இறைவனுக்கு ஒப்பாக மதிக்கும் மரபில் வந்த நாம், அன்று துவக்கிற்கும் ஓர் எழுத்தறிவு உண்டென்பதைக் கற்றோம். இக்கட்டுரை முழுவதும் அவ்வொரு வாக்கியத்தின் விரிவுரையே.

தோட்டாவின் உறுப்புக்கள்

தோட்டா என்பது நான்கு உறுப்புக்களால் ஆயது. முன்னே செல்வது குண்டு. அதனைப் பற்றிப் பிடித்திருப்பது பித்தளைக் கோது. கோதினுள் அடைபட்டிருப்பது எரிமருந்து. கோதின் அடியில், ஊசி குத்தும் இடத்தில் இருப்பது கேப்பு. விசையை இழுத்தவுடன் ஊசி கேப்பைக் குத்த, அதனின்றும் எழுந்த தீ எரிமருந்தைப் பற்ற, மருந்து வாயுவாய் மாறிக் குண்டை உந்துகின்றது. கோது தங்கியிருக்கும் இடத்தை வெடியறை என்போம். அதற்கு முன்னுள்ளது குழல். குழலின் உட்புறத்தே திருகுசுருளாகப் பள்ளங்கள் வெட்டப்பட்டிருக்கும்; பள்ளங்களுக்கு இடையே உள்ளவை மேடுகள். குண்டு மேடுகளாற் கவ்வப்பட்டுச் சுழன்று செல்வதனாலேயே நேர்வழி தவறாது செல்கின்றது. இச்சுரியமைப்பே றைபிளைச் சன்னத் துவக்கினின்றும் பழைய இடியன் துவக்கினின்றும் வேறுபடுத்துவதாகும்.

இனி, இச்சிறு அறையினுள் எழும் அமுக்கத்தைக் கருதுவோம். 303 றைபிளின் வெடியறையிற் சதுர அங்குலத்துக்கு 45,000 இறாத்தலுக்கு மேற்பட்ட அமுக்கம் தோன்றும். நம்மைச் சூழ்ந்துள்ள வளியின் அமுக்கம் சதுர அங்குலத்துக்கு ஏறத்தாழ 14.7 இறாத்தல் என்பது பௌதிகம் பயிலும் மாணவர் அறிந்ததே. எனவே, வெடியறையின் அமுக்கம் அதனினும் மூவாயிரம் மடங்கு மிகுந்ததாகின்றது. சுடுபவனுடைய கன்னத்துக்கு ஒரு சாண் தொலைவில், கோதின் அடியைத் தாங்கி நிற்கும் தாழின்மீது, இவ்வமுக்கத்தால் ஏறத்தாழ இரண்டு தொன் பாரத்துக்குச் சமமான விசை தாக்குகின்றது. இவை யாவும் கண் இமைக்கும் நேரத்திலும் மிகக் குறுகிய நேரத்தில் நிகழ்ந்து முடிகின்றன.

இத்துணைப் பெரிய அமுக்கத்தை அடக்கி நிற்பது உருக்கு மாத்திரமன்று. மென்மையான பித்தளைக் கோதும் அதற்குத் துணையாகின்றது. வெடித்தவுடன் கோது விரிந்து வெடியறையின் சுவரோடு இறுக ஒட்டிக்கொள்வதனால், வாயு பின்னே வரும் வழி அடைபடுகின்றது. அமுக்கம் தணிந்தபின் கோது சிறிது சுருங்கி வெளியே எடுக்கத்தக்கதாகின்றது. கோதுக்கும் அறைக்கும் இடையே வேண்டிய அளவினும் மிகுந்த வெளியிருப்பின், பித்தளை தன் எல்லைக்கு மேல் விரிந்து கிழியும்; கிழிந்த வழியே கொதிக்கும் வாயு சுடுபவனுடைய முகத்தை நோக்கிப் பாயும். குண்டு குழலினும் பெரிதாயிருப்பின், அது முன்செல்ல மாட்டாது தடைப்படும். வாயுவின் அமுக்கம் உருக்கின் வலியையும் மீறி எழும். ஆகவே, பொருத்தம் என்பது மூன்று கூறுகளை உடையது: கோது அறைக்குப் பொருந்துதல், குண்டு குழலுக்குப் பொருந்துதல், அமுக்கம் துவக்கின் வலிக்குப் பொருந்துதல் என்பன அவை. இம்மூன்றுள் ஒன்று குறையினும் பொருத்தம் இல்லையாம். தோட்டா உள்ளே நுழைந்து தாழும் மூடிக்கொண்டது என்பது முதற் கூற்றுக்கே முழுச் சான்றாகாது. ஏனைய இரண்டிற்கும் அது சான்றே அன்று.

பெயர் செய்யும் மயக்கம்

தோட்டாவின் பெயரில் ஓர் எண் இருப்பதனால், அவ்வெண்ணே அதன் அளவென்று எண்ணுதல் இயல்பு. ஆயின், இவ்வெண்கள் ஒரு முறைப்பட அமைந்தனவல்ல. 303 எனப்படும் பிரித்தானியத் தோட்டாவின் குண்டு .303 அங்குல விட்டமுடையதன்று, ஏறத்தாழ.311 அங்குல விட்டமுடையது. குழலின் மேடுகளுக்கிடையே உள்ள தூரமே .303 அங்குலம், பெயர் அதனால் வந்தது. கைத்துப்பாக்கிக்குரிய 38 ஸ்பெஷல் என்பதன் குண்டோ .357 அங்குலமே. முன்னதிற் பொருள் பெயரினும் பெரிது. பின்னதிற் பொருள் பெயரினும் சிறிது.

இரண்டாவது எண்ணோ இன்னும் மயக்கந் தருவது. அமெரிக்கத் தோட்டாவாகிய 45-70 என்பதிலுள்ள 70, கருமருந்தின் எடையைக் கிறெயின் அளவிற் குறிப்பது. 30-06 என்பதிலுள்ள 06, அத்தோட்டா ஏற்கப்பட்ட 1906ஆம் ஆண்டைக் குறிப்பது. 7.62×51 என்பதிலுள்ள 51, கோதின் நீளத்தை மில்லிமீற்றரிற் குறிப்பது. ஓரிடத்தில் எடை, ஓரிடத்தில் ஆண்டு, ஓரிடத்தில் நீளம் என ஒரே இடத்து நின்ற எண் மூன்று பொருள் பயத்தலைக் காண்க. இலக்கணத்திற் பலபொருள் ஒருசொல்லைப் பிரித்தறியாதவன் பொருளை மாத்திரம் இழப்பான்; ஈண்டுப் பிரித்தறியாதவன் இழப்பது வேறு.

இரண்டாம் உலகப் போரின்போது யப்பானியர் பயன்படுத்திய 7.7 மில்லிமீற்றர்த் தோட்டாக்கள் இதற்குத் தக்க எடுத்துக்காட்டாகும். அவர்தம் கடற்படையின் இயந்திரத் துவக்கொன்று பிரித்தானிய 303 தோட்டாவையொத்த, அடியில் விளிம்புள்ள கோதைக் கொண்டது. தரைப்படையின் 99ஆம் வகை றைபிள் விளிம்பற்ற கோதைக் கொண்டது. தரைப்படையின் 92ஆம் வகைக் கனரக இயந்திரத் துவக்கு, சிறிதே வெளிநீண்ட விளிம்புடைய கோதைக் கொண்டது. ஒரு நாட்டின் படைகளுக்குள்ளேயே 7.7 என்னும் ஒரே எண்ணின்கீழ் மூவகைத் தோட்டாக்கள் வழங்கின. எண்ணை மாத்திரம் கேட்டு ஒரு பெட்டியை எடுத்துச் சென்றவன், போர்முனையில் வெறுந் துவக்கோடு நிற்க நேர்ந்திருக்கும்.

ஓர் எழுத்தின் கதை

ஜேர்மனியிலே நிகழ்ந்த மாற்றமொன்று இன்றுவரை துவக்காளரை எச்சரிக்கச் செய்கின்றது. அந்நாட்டுப் படைகள் 1888ஆம் ஆண்டிலே ஏற்றுக்கொண்ட றைபிளின் தோட்டாவிற் குண்டின் விட்டம் .318 அங்குலம். பின்னர், 1905ஆம் ஆண்டளவில், கூர்முனையுடையதும் வேகம் மிக்கதுமான புதிய குண்டு வழக்குக்கு வந்தது, அதன் விட்டம்.323 அங்குலம். கோதின் நீளமோ முன்போலவே 57 மில்லிமீற்றர். புறத்தோற்றத்தில் இரு கோதுகளும் ஏறத்தாழ ஒன்றே. எனவே, புதிய தோட்டா பழைய துவக்கினுள் நுழைந்துவிடக்கூடும். நுழைந்தபின், அகன்ற குண்டு ஒடுங்கிய குழலினுள்ளே, முன்னையினும் மிகுந்த அமுக்கத்தோடு நெருக்கித் தள்ளப்படும். வேறுபாடு ஓரங்குலத்தின் ஆயிரத்தில் ஐந்து கூறே; அஃதாவது, சில தலைமயிர்களின் பருமனுக்கு மேற்பட்டதன்று.

இவ்விரண்டையும் பிரித்தறிதற்காக, புதிய தோட்டாவுக்கு S என்னும் எழுத்து அடையாளமாயிற்று. அது கூர்முனைக் குண்டைக் குறிக்கும் ஜேர்மன் சொல்லின் முதலெழுத்து. திருத்தியமைக்கப்பட்ட பழைய துவக்குகளின் வெடியறைமேலும் இவ்வெழுத்தே பொறிக்கப்பட்டது. பழைய தோட்டாவுக்குரிய எழுத்து, காலாட்படை எனப் பொருள்படும் சொல்லின் முதலெழுத்தாகிய I என்பதாம். ஆயின், பழைய ஜேர்மன் அச்செழுத்தில் I என்பது J போலவே தோன்றும். அயல் நாட்டார் அதனை J என்றே வாசித்தனர். இன்றும் பலர் அவ்வாறே வழங்குகின்றனர். நல்வாய்ப்பாக, இவ்வெழுத்துப் பிழை பொருளை மாற்றவில்லை. ஆயினும், எழுத்தொன்றைப் பிழைபட வாசித்தலும் இத்துறையில் நிகழக்கூடியதே என்பதற்கு அது சான்றாய் நிற்கின்றது. பழைய குழல்களையுடைய துவக்குகள் பலரிடம் இருத்தலைக் கருதி, அமெரிக்க உற்பத்தியாளர் இவ்வகைத் தோட்டாக்களை நெடுங்காலமாகக் குறைந்த அமுக்கத்துக்கே நிரப்பி வந்தனர் என்பதும் ஈண்டு அறியத்தக்கது.

செந்நிறப் பட்டை

இரட்டைப் பிள்ளைகளைப் பெற்ற தாய், ஒரு பிள்ளையின் கையிலே சிவப்புக் கயிறு கட்டி அடையாளம் வைத்தாற்போன்ற நிகழ்ச்சியொன்று இங்கிலாந்திலே நடந்தது. முதலாம் உலகப் போர் தொடங்கிய காலத்திற் பிரித்தானியர், தமக்கு வேண்டிய புதிய 303 றைபிளொன்றை அமெரிக்கத் தொழிற்சாலைகளிலே செய்வித்தனர். 1917ஆம் ஆண்டில் அமெரிக்காவும் போரிற் புகுந்தது. அதே தொழிற்சாலைகள் அதே அமைப்பினையே 30-06 தோட்டாவுக்கு ஏற்ப மாற்றித் தம் நாட்டுப் படைக்குத் துவக்குகள் செய்தன. இவ்வாறு, தோற்றத்தால் உடன்பிறந்தாரைப் போன்றும் உணவால் வேறுபட்டும் இருவகைத் துவக்குகள் தோன்றின.

1940ஆம் ஆண்டிலே பிரான்சு வீழ்ச்சியுற்றபின், இங்கிலாந்து படையெடுப்பை எதிர்நோக்கி நின்றது. ஊர்காவற் படையிலே சேர்ந்தோருட் பலர் வயது முதிர்ந்தோர். பலர் முன்னைப் போரிலே 303 றைபிளை ஏந்திப் பழகியவர். அமெரிக்காவிலிருந்து பெருந்தொகையான 1917ஆம் ஆண்டு றைபிள்கள் கொண்டுவரப்பட்டு அவர்களுக்கு வழங்கப்பட்டன. நாட்டில் எங்கும் கிடைப்பது 303 தோட்டா. இத்துவக்குகளுக்கு வேண்டுவதோ 30-06. இருளிலும் பதற்றத்திலும் மாறிவிடாதிருக்கும் பொருட்டு, அத்துவக்குகளின் மரப்பகுதியைச் சுற்றி ஏறத்தாழ இரண்டங்குல அகலத்திற் செந்நிறப் பட்டை பூசப்பட்டது. பட்டையுள்ள துவக்கிற்கு 303 தோட்டா ஆகாது என்பதே அதன் பொருள். எழுதப் படிக்க அறியாதவனும், கண்ணாடியை வீட்டில் மறந்து வந்த முதியவனும் அதனை அறியக்கூடும். ஒரு தகரம் சிவப்பு மையும் ஒரு தூரிகையும், பல விரல்களையும் பல கண்களையும் காக்கும் வேலையைச் செய்தன. சிறந்த பாதுகாப்பு முறைகளுட் பல இவ்வாறு எளியனவாயிருத்தலை நாம் காண்கின்றோம்.

பெயர் ஒன்றாயினும் தோட்டா ஒன்றாகாமை

சில வேளைகளிற் பெயரும் கோதும் ஒன்றாகவே இருக்க, உள்ளிருப்பது மாறுபடும். 303 தோட்டாவின் வரலாறே இதற்குச் சான்று. 1888ஆம் ஆண்டிலே லீ-மெற்போட் றைபிளுடன் அது வழக்குக்கு வந்தபோது, கருமருந்து நிரப்பப்பட்டதாயிருந்தது. சில ஆண்டுகளுள் கோடைற் என்னும் புகையற்ற மருந்து அதன் இடத்தைப் பெற்றது. அதன் வெப்பத்துக்கு மெற்போட்டின் ஆழங்குறைந்த சுரிகள் விரைவிலே தேய்ந்தன. ஆகவே, 1895ஆம் ஆண்டில் ஆழமான சுரிகளையுடைய லீ-என்பீல்ட் றைபிள் தோன்றியது. முன்னர் 215 கிறெயின் எடையுள்ள மொட்டைமுனைக் குண்டிருந்த இடத்தில், 1910ஆம் ஆண்டிலே 174 கிறெயின் எடையுள்ள கூர்முனைக் குண்டு வந்தது. அதன் வேகம் வினாடிக்கு 2,440 அடி. பழைய குண்டுக்கேற்ப அளவிடப்பட்ட குறிகாட்டியை வைத்துக்கொண்டு புதிய குண்டைச் சுட்டால் அது இலக்கிற்படாது. எனவே, குறிகாட்டிகளும் மாற்றப்பட வேண்டியதாயிற்று. இவ்விடத்துத் துவக்கு வெடிக்கவில்லை. குறி மாத்திரம் தவறிற்று. ஆயின், குறி தவறிய குண்டும் எங்கோ ஓரிடத்திற் சென்று பாய்தல் உறுதியன்றோ?

மறுதலையாக, தோட்டா ஒன்றாயிருப்பவும் துவக்குகள் தம்முள் வேறுபடுதலும் உண்டு. அமெரிக்கரின் 1903ஆம் ஆண்டு ஸ்பிறிங்பீல்ட் றைபிள்களுட் சில, 1917ஆம் ஆண்டிலே சுடும்போது சிதறின. படைக்கலத் துறையிற் பணியாற்றி மேஜர் ஜெனரலாய் ஓய்வுபெற்ற யூலியன் ஹற்சர், 1947இல் வெளியிட்ட தமது நூலில் இதனை விரிவாக எழுதியுள்ளார். உருக்கைப் பதப்படுத்திய தொழிலாளர், அதன் வெப்பத்தைக் கண்ணாற் கண்ட நிறத்தைக் கொண்டே மதித்து வந்தனர். வெயில் எறிக்கும் நாளில், செந்தழலின் நிறம் மங்கித் தோன்றும்; மேகம் மூடிய நாளில், அதே நிறம் குறைந்த வெப்பத்திலேயே தோன்றும். பின்னர்க் கருவி கொண்டு அளந்தபோது, வெயில் நாளில் வெப்பம் 300 பாகை பரனைற்று வரை மிகுந்திருந்தமை தெரியவந்தது. அங்ஙனம் அளவுக்கு மிஞ்சிச் சுடப்பட்ட உருக்கு, எளிதில் நொறுங்குந் தன்மையதாயிற்று. முறை திருத்தப்பட்டபின், ஸ்பிறிங்பீல்ட் தொழிற்சாலையிற் செய்யப்பட்டனவற்றுள் 800,000க்குக் குறைந்த தொடரிலக்கமுடையவை ஐயத்திற்குரியனவாக ஒதுக்கப்பட்டன. பல்லாண்டு பழகிய கண்ணும் ஒளிக்கேற்பப் பிழைக்கும் என்பதற்கு இதனினும் சிறந்த சான்று வேண்டுவதில்லை. “கண்ணாலே அளக்க வேண்டாம்” என்று எம் சார்ஜன்ற் கூறியது எத்துணை ஆழமான உண்மை என்பதை, இச்செய்தியைப் படித்தபோதே நாம் முழுவதும் உணர்ந்தோம்.

இத்தகைய நுண்ணிய துவக்குகளிலன்றி, பயிற்சிக்கூடத்து லீ-என்பீல்ட் றைபிளிலும் ஒரு பொருத்தம் காக்கப்படல் வேண்டும். அதன் தாழ், அதற்கே உரியது. தாழிலும் துவக்கிலும் ஒரே தொடரிலக்கம் இருக்கும். தாழைக் கழற்றித் துடைத்தபின் பக்கத்துத் துவக்கின் தாழை மாறிப் பூட்டினால், தாழின் முகத்துக்கும் கோதின் அடிக்கும் இடையே உள்ள வெளி மிகுந்துவிடல் கூடும். 4ஆம் இலக்க றைபிளுக்குத் தாழின் தலைகள் 0, 1, 2, 3 என்னும் நால்வேறு அளவுகளிற் செய்யப்பட்டமை, இவ்வெளியைச் சரிப்படுத்தும் பொருட்டேயாம்.

வயலிற் காவல் நிற்போர் அறியவேண்டியது

நம் நாட்டிலே றைபிளினும் மிகுதியாகப் பொதுமக்கள் கையில் இருப்பது சன்னத் துவக்காகும். பயிரைக் காட்டுப்பன்றியினின்றும் யானையினின்றும் காக்கும் பொருட்டு, உரிமச்சீட்டுப் பெற்றுக் கமக்காரர் அதனை வைத்திருக்கின்றனர். இத்துவக்கின் அளவு, றைபிளினின்றும் வேறான முறையிற் கூறப்படும். குழலின் விட்டத்துக்குச் சமமான ஈயக் குண்டுகள் எத்தனை சேர்ந்தால் ஓர் இறாத்தல் எடையாகுமோ, அவ்வெண்ணே அதன் பெயர். 12 குண்டுகள் ஓர் இறாத்தலாயின் அது 12 போர். 20 குண்டுகளாயின் 20 போர். எனவே, எண் பெருகப் பெருகக் குழல் சிறுகும். 12 போரின் விட்டம் .729 அங்குலம், 20 போரின் விட்டம்.615 அங்குலம்.

இதனிடத்து மறைந்துள்ள பொறியொன்றைக் கூறுவோம். 20 போர்த் தோட்டாவை அறியாது 12 போர்த் துவக்கில் இட்டால், அது வழுக்கிச் சென்று வெடியறைக்கு முன்னே குழல் ஒடுங்குமிடத்திற் சிக்கிக்கொள்ளும். விசையை இழுத்தால் ஓசை எழாது. திறந்து பார்த்தால் அறை வெறுமையாய்த் தோன்றும். “தோட்டா இடவில்லைப் போலும்” என்று எண்ணி 12 போர்த் தோட்டாவை இட்டுச் சுடுபவன், அடைபட்ட குழலிற் சுடுகின்றான். குழல் வெடிக்கும் இடம், அவன் இடக்கை பற்றியிருக்கும் இடத்துக்கு அண்மையிலேயே. இத்தீங்கைத் தவிர்க்கவே 20 போர்த் தோட்டாக்கள் மஞ்சள் நிறத்திற் செய்யப்படுகின்றன. ஆயினும், நிறத்தை மாத்திரம் நம்பலாகாது. பழைய தோட்டாக்களின் நிறம் வேறாயிருக்கலாம். ஒரு பையில் இருவகைத் தோட்டாக்களை வைக்காமையே உறுதியான காவல்.

தோட்டாவின் நீளமும் கருதத்தக்கது. பெட்டியில் எழுதப்பட்ட நீளம், சுட்டபின் வாய் விரிந்த கோதின் நீளமாகும். இரண்டே முக்கால் அங்குலத் தோட்டா சுடுமுன் மடிந்திருப்பதனால், இரண்டரை அங்குல அறையுள்ளும் எளிதில் அடங்கும். சுடும்போது விரிதற்கு இடமின்மையால், கோதின் வாய் குழலின் ஒடுக்கத்தினுள் நெருங்கி, அமுக்கம் மிகும். தந்தை காலத்து, பாட்டன் காலத்துப் பழைய துவக்குகளை வைத்திருப்போர் இதனைச் சிறப்பாக நினைவிற் கொள்க.

இக்காலத்து மயக்கங்கள்

காலம் மாறினும் இம்மயக்கம் நீங்கிற்றில்லை. 223 றெமிங்ரன் தோட்டாவும் படைகள் பயன்படுத்தும் 5.56 மில்லிமீற்றர்த் தோட்டாவும் புறவளவால் ஒன்றே. ஆயின், குண்டு சுரிகளைச் சந்திக்கும் முன் கடக்கும் தூரம், படைத் துவக்கின் அறையில் மிகுதி. எனவே, 223 தோட்டாவைப் படைத் துவக்கிற் சுடலாம். படைத் தோட்டாவை 223 துவக்கிற் சுட்டால் அமுக்கம் எல்லை கடத்தல் கூடும். 2011ஆம் ஆண்டு அமெரிக்காவில் அளவு வரையறுக்கப்பட்ட 300 பிளாக்கவுற் என்பது இதனினும் கொடியது. அதன் கோது 5.56 தோட்டாவின் கோதைக் குறுக்கிச் செய்தது; இரண்டும் ஒரே தோட்டாப் பெட்டகத்துள் அடங்குவன. குண்டின் விட்டமோ .308 அங்குலம். மாறி 223 துவக்கினுட் புகுந்து தாழும் மூடிக்கொள்ளுமாயின், .308 அங்குலக் குண்டு .224 அங்குலக் குழலினுட் செல்ல முயலும். அங்ஙனம் சிதறிய துவக்குகள் பல.

சிறிய 22 தோட்டாக்களும் விலக்கல்ல. 22 லோங் றைபிள் தோட்டா, 1959இல் வந்த 22 மக்னம் துவக்கின் அறையினுள் எளிதாய் நுழையும். மக்னத்தின் அறை அதனினும் அகன்றது; ஆகவே கோது பிளந்து வாயு பின்னோக்கி வரும். சிறியது பெரியதினுள் அடங்குதல் பொருத்தம் ஆகாது என்பதை இதனால் அறிக.

கடைப்பிடிக்க வேண்டிய விதிகள்

மேற்கூறியவற்றின் பயனாகக் கொள்ளத்தக்க விதிகளைத் தொகுத்துக் கூறுவோம்.

முதலாவது, துவக்கின் குழலிற் பொறித்துள்ள பெயரும் தோட்டாவின் அடியிற் பொறித்துள்ள பெயரும் எழுத்துக்கு எழுத்து ஒத்திருத்தல் வேண்டும். ஓர் எண் ஒத்து மற்றொன்று மாறுபடின், அது வேறு தோட்டாவே.

இரண்டாவது, பொறிப்பு மங்கியிருப்பினும், துவக்குக் கைமாறி வந்ததாயினும், குழல் மாற்றப்பட்டதென்ற ஐயமிருப்பினும், தேர்ந்த துவக்குத் திருத்துநரிடம் காட்டி அறையை அளப்பித்தபின்னரே சுடல் வேண்டும். பொறிப்பு ஒருகாலத்து உண்மையைச் சொல்வது. பின்னர் எவரேனும் அறையைக் குடைந்து மாற்றியிருப்பின், அது பொய்ச்சான்றாகிவிடும்.

மூன்றாவது, துவக்கின் மீதுள்ள சோதனை முத்திரையைக் காண்க. இலண்டனிலே 1637ஆம் ஆண்டிற் பட்டயம் பெற்ற துவக்கு வினைஞர் சங்கமும், பேர்மிங்ஹாமிலே 1813ஆம் ஆண்டிற் சட்டப்படி அமைந்த சோதனை மனையும் துவக்குகளைச் சோதித்து முத்திரையிட்டு வருகின்றன. வழக்கமான அமுக்கத்தினும் மிகுந்த அமுக்கமுள்ள தோட்டாவைச் சுட்டு, அதனைத் தாங்கிய துவக்கிற்கே முத்திரை இடப்படும். எவ்வகைத் தோட்டாவுக்கு அச்சோதனை நடந்ததோ, அதற்கே அம்முத்திரை சான்று.

நான்காவது, ஒரே நேரத்தில் ஒரு துவக்கு, ஒரு வகைத் தோட்டா. மேசைமேலும் பையினுள்ளும் இரண்டு வகை கலத்தல் ஆகாது. தோட்டாவை அதன் பெட்டியிலேயே வைக்க. பெட்டி மாற்றி வைக்கற்க. பிறர் தாமே மருந்து நிரப்பிய தோட்டாவை ஏற்கற்க.

ஐந்தாவது, சுடுமுன் குழலின் ஊடே ஒளி தெரிகின்றதா எனத் தாழைத் திறந்து பார்க்க. சுடும்போது ஓசையோ பின்னுதையோ வழக்கத்திற் குறைந்தால் உடனே நிறுத்துக. குண்டு குழலினுள்ளேயே தங்கியிருத்தல் கூடும். தோட்டா வெடியாதிருப்பின், குழலைத் தீங்கற்ற திசையில் நிறுத்தி அரை நிமிடத்துக்குக் குறையாது பொறுத்திருந்த பின்னரே தாழைத் திறக்க.

ஆறாவது, தோட்டா எளிதில் நுழையாவிடத்து வலிந்து தள்ளற்க. தாழ் மூட மறுத்தல் துவக்கு நமக்குச் சொல்லும் அறிவுரையாகும். அது சொல்லாதிருக்கும் வேளைகளும் உண்டென்பதை முன்னரே கண்டோம். ஆகவே, சொல்லும் வேளையிலேனும் கேட்டல் கடன்.

முடிபுரை

இக்கட்டுரையைப் படிப்போருட் பலர் துவக்கைத் தொடாதவராயிருப்பர். தொட வேண்டாதவராயும் இருப்பாராக. ஆயினும், இவ்வறிவு அவர்க்குப் பயனற்றதன்று. 1983 முதல் 2009 வரை நீண்ட போர் நம் மண்ணிலே தோட்டாக்களையும் வெடிபொருள்களையும் விதைத்துச் சென்றது. கண்ணிவெடி அகற்றுவோர் பல்லாண்டு உழைத்தும், கிணறு இறைக்கும்போதும் வேலி அடைக்கும்போதும் மண்ணினின்றும் பழைய தோட்டா வெளிப்படுதல் உண்டு. அத்தகையதைக் காணும் மாணவன், அது எத்துவக்குக்கு உரியதென்று ஆராயப் புகுதல் ஆகாது. துருவேறிய கோதில் எழுத்தைத் தேடி உரசுதலும், நெருப்பிலிடுதலும், விளையாட்டாகத் தட்டுதலும், வீட்டுக்கு எடுத்து வருதலும் உயிருக்கு இறுதியாகக் கூடும். கண்ட இடத்திலேயே விட்டு, பிறரையும் அணுகவிடாது, பெரியோர்க்கும் பொலிசாருக்கும் அறிவித்தலே செய்யத்தக்கது. எழுத்தை வாசித்தபின் கையாள்க என்பது முதற் பாடமாயின், வாசிக்க முடியாததைத் தொடற்க என்பது அதன் மறுபாதியாம்.

எம் சார்ஜன்ற் பாயிலே நிறுத்திய ஐந்து தோட்டாக்களுள், அத்துவக்குக்கு உரியது நடுவில் நின்றது. அதன் இருபுறமும் நின்றவை நீளத்தாலும் பருமனாலும் அதனை ஏறத்தாழ ஒத்திருந்தன. அன்று பயிற்சி முடியுமட்டும் ஒரு வெடியேனும் தீர்க்கப்படவில்லை. ஒவ்வொரு மாணவனும் ஒவ்வொரு தோட்டாவாக எடுத்து, அடியிலுள்ள எழுத்தை உரக்க வாசித்து, மீண்டும் இருந்த இடத்தில் வைத்தான். இது காலத்தை வீணாக்குதல் என்று எம்முட் சிலர் முணுமுணுத்தனர். அன்று வாசித்தவர் அனைவரும் பத்து விரல்களோடும் இரு கண்களோடும் பயிற்சியை முடித்து வெளியேறினர். அதனினும் சிறந்த தேர்ச்சிப் பத்திரம் அப்பாடத்துக்கு இல்லை.